ஆவி ஆண்டவனுக்கு! அடுப்படி இருள் யாருக்கு?

ஆவுடையார்கோவில் கருவறையிலே லிங்கம் இல்லை. ஆவுடை மட்டுமே உண்டு. புழுங்கலரிசிச் சோற்றைக் கல்மேடையிலே பரப்பி, எழும் ஆவியையே நிவேதனம் என்கிறார்கள். உருவமற்றவனுக்கு ஆவி போதும். உருவமும் உள்ளமும் படைத்த வேலைக்காரிக்கு?

அக்கோயிலின் கதை என்ன? பாண்டியன் குதிரை வாங்கத் தந்த பொன்னை, வாதவூரர் திருப்பெருந்துறைக் கோயிலுக்குச் செலவிட்டாராம். நரி பரியானதைப் பகுத்தறிவு ஏற்காது. எனினும் எண்ணிப் பாருங்கள், தோழர்களே! வேலை ஓரிடம், உள்ளம் வேறிடம்; அந்தப் பணியாளரின் மனப் போராட்டத்துக்குக் கோயில் சாட்சி! அவர் அமைச்சர். பாத்திரம் துலக்குபவளின் மனத்துக்கு எது சாட்சி?

1949-இல் திரைக்கு வந்த அண்ணாவின் 'வேலைக்காரி' சாட்சி சொன்னது. அடுப்படியில் கிடந்த அமிர்தத்தைத் தமிழ்நாடே பேசியது.

கடல் கடந்தும் ஒரு சாட்சி உண்டு. மர்சேய் துறைமுகத்திலே மூட்டை சுமந்தவர், தொழிற்சங்கத் தோழர், செனகல் நாட்டு உஸ்மான் செம்பேன். 1966-இல் அவர் தந்த படம், ஒரு கறுப்பினப் பணிப்பெண்ணின் கதை. ஓடுவதோ ஏறத்தாழ ஒரு மணி நேரம். பிள்ளை பார்க்க என்று டாக்கார் நகரிலே வேலைக்குச் சேர்த்தவர்கள், பிரான்சுக்கு வரவழைத்துச் சமையலும் சலவையும் தலையிலே கட்டுகிறார்கள். வாய் திறந்து அவள் பேசுவது சொற்பம். ஆனால், அவள் நெஞ்சு பேசுவதைப் படம் முழுவதும் நாம் கேட்கிறோம்! அதுவே அப்படத்தின் புதுமை. முடிவிலே தன்னுயிரைத் தானே மாய்த்துக்கொள்கிறாள்.

"எவ்வளவு இருண்ட மனம்!" என்பர் சீமான்கள். இருளை அவளா மூட்டை கட்டிக் கொண்டுவந்தாள்? சம்பளத்தைத் தள்ளிப்போட்ட கையும், வெளியுலகை மறைத்த கதவும், பெயர் சொல்லி அழைக்க மறந்த நாவும் சேர்ந்து வளர்த்த இருள் அது!

2007-இல் கலைஞர் ஆட்சி வீட்டுப் பணியாளர் நல வாரியம் கண்டது. வீட்டுப் பணியாளருக்கென 2011-இல் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 189-ஆம் உடன்படிக்கையை வகுத்தது. ஒன்றிய அரசோ இன்னும் அதற்கு ஏற்புறுதி தரவில்லை. கேட்போம், ஓயாமல் கேட்போம்!

ஆனால், சட்டம் கூலியை அளக்கும், நெஞ்சை அளக்காது. ஆலையிலே சங்கம் கண்ட தோழனே! உன் தங்கை எவர் வீட்டிலோ பாத்திரம் துலக்குகிறாள். வசதி வந்த தோழனே! உன் வீட்டு வேலைக்காரிக்குத் தனிக் குவளையா? தரைதான் இருக்கையா? மேடையிலே சமத்துவம், அடுப்படியிலே சனாதனமா?

ஆவியை ஆண்டவனுக்குப் படைப்போர் படைக்கட்டும். அவள் ஆவி உடலில் உள்ளபோதே, அவள் நெஞ்சைக் கேள், தோழா!