மௌனப்பட நகைச்சுவையில் போலித்துறவு: ராஜா சாண்டோவின் ‘சந்திரகாந்தா’ வரை

முன்னுரை

துறவுக்கோலத்தில் நிகழும் வஞ்சகமும் அதனை நம்புவோரின் பேதைமையும் நகைச்சுவைக்குரிய பழம்பொருள்கள். திருக்குறள் ‘கூடாவொழுக்கம்’ என ஓர் அதிகாரமே வகுத்துள்ளது. மகேந்திரவர்ம பல்லவனின் ‘மத்தவிலாசப் பிரகசனம்’ போலித்துறவியரை மேடையில் எள்ளியது. இப்பொருளை மௌனப்படம் கையாண்ட முறையையும், தமிழ்ப் பேசும்படத்தில் அது பெற்ற மாற்றத்தையும் இக்கட்டுரை விளக்குகிறது.

உடையும் உடலும்

சார்லி சாப்ளினின் ‘தி பில்கிரிம்’ (1923) படத்தில் சிறையிலிருந்து தப்பிய கைதி ஒருவன் போதகரின் உடையை அணிகிறான். சிற்றூர்ச் சபையார் அவனையே தாம் எதிர்பார்த்திருந்த போதகராக வரவேற்கின்றனர். அவன் காணிக்கைப் பெட்டிகளைக் கையில் தூக்கி எடை பார்க்கிறான். தாவீது, கோலியாத்து கதையை அருளுரையாகக் கூறாமல் நடித்துக் காட்டுகிறான். உடை ஏமாற்றுகிறது, உடலசைவு காட்டிக்கொடுக்கிறது. சபையார் உடையை மட்டுமே காண்கின்றனர். பார்வையாளர் இரண்டையும் காண்கின்றனர். நகை இவ்விடைவெளியில் பிறக்கிறது. எனினும் திருடப்பட்ட பணத்தை மீட்டுத் தருபவனும் அப்போலிப் போதகனே. ஆதலின் இங்கு எள்ளப்படுவது சமயம் அன்று; கோலத்தைக் கொண்டே ஆளை மதிப்பிடும் வழக்கமே.

மௌனத்திலிருந்து பேச்சுக்கு

புதுக்கோட்டையில் பிறந்த பி.கே. நாகலிங்கம் உடற்பயிற்சியில் வல்லவர். பம்பாய் மௌனப்படங்களில் ராஜா சாண்டோ என்னும் பெயரால் புகழ்பெற்றவர். பின்னர்ச் சென்னையில் ‘பேயும் பெண்ணும்’ (1930) முதலிய மௌனப்படங்களை இயக்கினார். ஜே.ஆர். ரங்கராஜுவின் நாவலைத் தழுவி அவர் இயக்கிய பேசும்படம் ‘சந்திரகாந்தா’ (1936). மடத்தலைவர் ஒருவரின் ஒழுக்கக்கேட்டை எள்ளும் இப்படத்தில் அப்பாத்திரத்தைக் காளி என். ரத்தினம் ஏற்றார். புதுக்கோட்டையைச் சார்ந்த பி.யு. சின்னப்பாவும் இதில் நடித்தார்.

இரு படங்களுக்கும் இடையிலான வேறுபாடு கருதத்தக்கது. சாப்ளினின் கைதி பிறர் உடையை அணிந்தவன். ஆள் வெளிப்பட்டதும் வேடம் முடிந்துவிடுகிறது. மடத்தலைவரோ அவ்வுடைக்கு உரிமையுடையவர். அவரிடம் பொய்யானது ஒழுக்கம் மட்டுமே. முன்னதில் அடியார் ஆளை மாறாட்டமாகக் கொள்கின்றனர்; பின்னதில் பதவியை நம்பி ஏமாறுகின்றனர். இந்த ஏமாற்றத்திற்கு அடியாரின் பேதைமையை மட்டும் காரணமாக்க இயலாது. பதவியைக் காக்கும் அமைப்பும் விடைகூற வேண்டியதாகிறது. கோயில், மடச் சொத்துகளின் ஆட்சியை ஒழுங்குபடுத்தும் சட்டங்கள் சென்னை மாகாணத்தில் 1920களில் இயற்றப்பட்டமை இவ்வெள்ளலின் சமூகப் பின்புலமாகும்.

முடிவுரை

மௌனப்படம் போலி ஆளைக் காட்டி நகைத்தது. ‘சந்திரகாந்தா’ போலி ஒழுக்கத்தைக் காட்டி நகைத்தது. எனவே சமய வஞ்சகம் பற்றிய படங்களை ஆராய்வோர், ஏமாறுவோர் எதனை நம்பினர் என்பதை முதலில் வரையறுத்தல் வேண்டும். நம்பிக்கை, பேதைமை ஆகிய இரண்டையும் ஒன்றெனக் கொள்ளும் பிழையை அவ்வரையறை தவிர்க்கும்.