அஞ்சு ரூபாய் புதிர்!

கேன்டீன் பெஞ்சுல அடிக்கடி காதுல விழுற டயலாக் இது: ‘‘அவங்க ஏழையா இருக்கறதுக்கு அவங்கதான் மச்சி காரணம். சம்பாதிக்கிறதை அன்னிக்கே செலவு பண்ணிடுறாங்க. நாளைக்குன்னு யோசிக்கறதே இல்ல!’’

நீங்களும் சொல்லியிருக்கலாம். இல்ல, பக்கத்துல உட்கார்ந்து தலையாட்டியிருக்கலாம். அடுத்த தடவை சொல்றதுக்கு முன்னாடி ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்த்துடுவோமா?

கோயம்பேடு கணக்கு

சென்னை கோயம்பேடு மார்க்கெட். தரையில கோணி விரிச்சு காய், பழம் விற்கிற பெண்கள். காலையில 1,000 ரூபாய்க்குச் சரக்கு எடுத்து, சாயந்தரத்துக்குள்ள 1,100-க்கு வித்துடுவாங்க. லாபம் 100 ரூபாய். ஆனா, அந்த 1,000 ரூபாய் அவங்க சொந்தக் காசு இல்ல. விடியக்காலை வட்டிக்கு வாங்கினது. சாயந்தரம் 1,050-ஆ திருப்பிக் கொடுக்கணும். ஒரு நாளைக்கு அஞ்சு சதவிகிதம் வட்டி! ஆக, நாள் முழுக்க வெயில்ல உட்கார்ந்தவங்களுக்கும் 50 ரூபாய், கடன் கொடுத்தவருக்கும் 50 ரூபாய்.

சில வருஷங்களுக்கு முன்னாடி இவங்களை ஆராய்ச்சி செய்தவர், தமிழ்நாட்டுல பிறந்து அமெரிக்காவுல வேலை பார்க்கிற பொருளாதார நிபுணர் செந்தில் முல்லைநாதன். 2013-ல் எல்டார் ஷஃபீருடன் சேர்ந்து எழுதின புத்தகத்துல, மேலே சொன்ன கணக்கைப் போட்டுக் காட்டியிருக்கார். ஒன்பது வருஷத்துக்கும் மேலா தினமும் இப்படிக் கடன் வாங்குறது அங்கே சர்வசாதாரணமாம்.

இப்ப புதிருக்கு வருவோம். தினமும் வெறும் அஞ்சு ரூபாயை அந்த அம்மா எடுத்து வச்சா? மறுநாள் 995 ரூபாய் கடன் வாங்கினா போதும். வட்டியில 25 பைசா மிச்சம். அதையும் சேர்த்துக்கிட்டே போனா, சரியா 50 நாள்ல கடனே இல்லை. வருமானம் டபுள்! கால்குலேட்டர்ல போட்டுப் பாருங்க, சரியா வரும்.

அப்புறம் ஏன் யாரும் செய்யலை? ‘அதான் சொன்னேனே, பொறுப்பில்லை!’னு உங்க ஃப்ரெண்ட் துள்ளிக் குதிப்பார். இருங்க பாஸ், மீதிக் கதை இருக்கு.

கடனை அடைச்சே பார்த்தாங்க!

முல்லைநாதனும் டீன் கார்லன், பெஞ்சமின் ராத் ஆகியோரும் சென்னையிலயும் பிலிப்பைன்ஸ்லயும் இப்படிப்பட்ட வியாபாரிகளோட கடனை முழுசா அடைச்சுட்டு, என்ன நடக்குதுன்னு பார்த்தாங்க. 2019-ல் வெளிவந்த ரிசல்ட் ஷாக்! ஆறே வாரத்துல பெரும்பாலானவங்க மறுபடி கடன்ல. ஒண்ணு, ரெண்டு வருஷத்துல எல்லாம் பழைய நிலைமைக்கே வந்துடுச்சு.

ஏன்? மழை ஒரு நாள் தொடர்ந்து பெய்தா தக்காளி அழுகும். குழந்தைக்குக் காய்ச்சல், சொந்தத்துல ஒரு கல்யாண மொய்னு ஏதாவது வந்துக்கிட்டே இருக்கும். கையில நாலு காசு கூடுதலா இருந்தா இதெல்லாம் ஒரு வாரத் தலைவலி. அது இல்லாதவங்களுக்கு முதலுக்கே மோசம். மறுநாள் காலையில தெரிஞ்ச ஒரே வாசல், வட்டிக்காரர் வாசல்தான்.

உங்களையே எடுத்துக்குங்க. மாசக் கடைசியில பாக்கெட் காலி, செல்போன் தண்ணியில விழுந்துடுச்சு, ரெண்டு பேப்பர் அரியர். என்ன செய்வீங்க? வீட்டுக்கு ஒரு போன். அப்பா திட்டிக்கிட்டே பணம் அனுப்புவார். அவங்களும் நம்மளும் பண்றது ஒரே தப்புதான். நம்ம தப்புக்குக் கீழே ஒரு மெத்தை இருக்கு, அவங்களுக்குக் கட்டாந்தரை!

அப்போ பொறுப்பே வேண்டாமா?

வேணும். பாதி கூலியை டாஸ்மாக்ல விட்டுட்டு வர்ற புருஷனுக்கு ‘சூழ்நிலைதான் காரணம்’னு நாம வக்காலத்து வாங்கினா, முதல்ல சண்டைக்கு வர்றது அவர் பொண்டாட்டிதான். ‘எங்க தலையெழுத்து’னு உட்கார்ந்துடுறதும் ஒரு பூட்டுதான். ஆனா, பொறுப்பு வளர்றதுக்கும் கொஞ்சம் இடம் வேணும்.

1978-ல் ஜெயா அருணாசலம் சென்னையில ‘ஒர்க்கிங் விமன்ஸ் ஃபோரம்’ தொடங்கினப்போ, சேர்ந்தவங்கள்ல நிறைய பேர் தெருவுல கூடை வச்சு விற்கிற பெண்கள். சொத்து இல்ல, ஜாமீன் இல்ல. அக்கம்பக்கத்துப் பெண்கள் குழுவா சேர்ந்து ஒருத்தருக்கொருத்தர் ஜாமீன் நின்னாங்க. குறைஞ்ச வட்டிக்குக் கடன் கிடைச்சது. திருப்பிக் கட்டினது 90 சதவிகிதத்துக்கும் மேலே! பொறுப்பில்லாதவங்கனு பேர் வாங்கினவங்கதான் இவ்வளவு கரெக்டா கட்டினவங்க.

நீங்க என்ன செய்யலாம்?

கந்துவட்டி, மீட்டர் வட்டி, தண்டல், நாள் வட்டி எல்லாத்துக்கும் தமிழ்நாட்டுல 2003-லேயே தடைச்சட்டம் வந்துடுச்சு. ஆனா, சட்டம் காலையில நாலு மணிக்கு 1,000 ரூபாய் கொடுக்காதே!

தெரு வியாபாரிகளுக்காக 2020-ல் மத்திய அரசு கொண்டுவந்த திட்டம் ‘பி.எம். ஸ்வநிதி’. 2025-ல் செஞ்ச மாற்றத்துக்குப் பிறகு முதல் கடன் 15,000 ரூபாய் வரைக்கும். ஒழுங்கா கட்டினா அடுத்து 25,000, அப்புறம் 50,000. ஜாமீன் கிடையாது. வட்டியில ஏழு சதவிகிதம் மானியம். ஆனா, விண்ணப்பத்தை ஆன்லைன்ல போடணும். ஆதார், மொபைல் நம்பர், மாநகராட்சி கொடுக்கிற அடையாள அட்டை அல்லது பரிந்துரைக் கடிதம்னு அலைச்சல் உண்டு. ஒரு நாள் வியாபாரத்தை விட்டாத்தான் அலைய முடியும். அவங்க தயங்குற இடம் இதுதான். உங்களுக்கு அது அரை மணி நேர வேலை. என்.எஸ்.எஸ். கேம்ப்ல மரம் நடுறதோட, காலேஜ் வாசல்ல கடை போட்டிருக்கிற நாலு பேருக்கு ஃபார்ம் நிரப்பிக் கொடுத்தா என்ன?

அப்புறம் ஒரு சின்ன விஷயம். மாலுக்குப் போனா ஸ்டிக்கர்ல போட்ட விலையை அப்படியே கொடுத்துட்டு வர்றோம். கூடைக்காரம்மாகிட்ட மட்டும் ‘அஞ்சு ரூபா குறைச்சுக்கோங்க’னு மல்லுக்கட்டுறோம். அவங்க தினமும் எடுத்து வைக்கலைனு நாம குறை சொல்ற அதே அஞ்சு ரூபாய்!