பதில் சொல்லும் அன்பும் நோயை வளர்க்கும்

"கேஸை மூடினேனா?" என்று தெருமுனையில் நின்று மனைவி கேட்கிறார். "மூடிட்டே, நான் பார்த்தேன்" என்கிறார் கணவர். பத்தடி நடப்பதற்குள் மறுபடியும் அதே கேள்வி. கடைசியில் கணவரே வீட்டுக்குத் திரும்பிப் போய், சிலிண்டரைப் பார்த்துவிட்டு வருகிறார். அவர் அன்போடுதான் இதைச் செய்கிறார். ஆனால் நோய்க்குத் தீனி போடுவதும் அந்த உதவிதான்.

இந்த நோயின் பெயர் ஓசிடி. தமிழில் எண்ணச் சுழற்சி நோய் என்கிறோம். நூறு பேரில் ஏறக்குறைய இருவருக்கு வாழ்நாளில் எப்போதாவது வருகிறது. மூளையின் முன்பகுதியையும் ஆழத்தில் உள்ள ஸ்ட்ரையேட்டம், தலாமஸ் பகுதிகளையும் இணைக்கும் நரம்புச் சுற்று இவர்களிடம் அளவுக்கு மீறி இயங்குகிறது. அதனால் 'சரியாக முடித்துவிட்டோம்' என்ற நிறைவு வருவதில்லை. ஒருமுறை சரிபார்த்ததும் பதற்றம் தணிகிறது. அந்த நிம்மதிக்கு மூளை பழகிவிடுவதால், அடுத்த முறை சந்தேகம் இன்னும் வலுவாக எழுகிறது.

வீட்டார் சொல்லும் சமாதானமும் இதே வேலையைத்தான் செய்கிறது. அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 1995-இல் 34 நோயாளிகளின் குடும்பத்தினரிடம் பேசினார்கள். அவர்களில் மிகப் பெரும்பாலோர் ஏதோ ஒரு வகையில் நோயின் கட்டளைக்கு உடன்பட்டு நடந்துவந்தது தெரிந்தது.

நோயை வெளியே சொல்லாமல் மறைக்கும் மௌனம் இன்னும் ஆபத்தானது. பச்சைக் குழந்தையைக் குளிப்பாட்டும்போது, 'என் கையாலேயே இதற்கு ஏதாவது செய்துவிடுவேனோ' என்ற எண்ணம் இந்த நோயுள்ள ஒரு தாயைத் துளைக்கலாம். பிள்ளைமேல் உயிரையே வைத்திருப்பதால்தான் அந்த எண்ணம் அவரை அப்படி வதைக்கிறது. வெளியே சொன்னால் என்ன நினைப்பார்களோ என்று பயந்து, குழந்தையைத் தொடாமலே ஒதுங்குகிறார். காரணம் தெரியாத கணவரும் மாமியாரும் பாசமில்லாதவள் என்று முடிவுகட்டிவிடுகிறார்கள்.

இதற்குச் சிகிச்சை உண்டு. 1966-இல் லண்டனில் விக்டர் மேயர் என்ற உளவியலாளர், பயப்படும் சூழலை எதிர்கொள்ளச் செய்து, அதன்பின் பதற்றத்தைத் தணிக்கத் திரும்பத் திரும்பச் செய்யும் சடங்கைச் செய்யவிடாமல் தடுக்கும் முறையால் இரண்டு நோயாளிகளைத் தேற்றினார். சடங்கைச் செய்யாமல் இருந்தாலும் பதற்றம் தானாகத் தணியும் என்பதை மூளை கற்றுக்கொள்கிறது. அந்த வழியில் வளர்ந்த பயிற்சிதான் இன்று முதன்மைச் சிகிச்சை. தேவைப்பட்டால் மருந்தும் சேர்கிறது.

இதில் குடும்பத்துக்கும் பங்குண்டு. பதற்றம் இல்லாத நேரத்தில் நோயுள்ளவரும் வீட்டாரும் உட்கார்ந்து பேச வேண்டும். சந்தேகக் கேள்வி வந்தால் என்ன பதில் என்பதையும் முன்கூட்டியே முடிவு செய்துகொள்ளலாம்: "உன் பயம் புரியுது. ஆனா நான் பதில் சொன்னா அது நோய்க்குத்தான் உதவி. கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்ப்போம், நான் கூடவே இருக்கேன்." ஒரே நாளில் எல்லாவற்றையும் நிறுத்தத் தேவையில்லை, படிப்படியாகக் குறைத்தால் போதும்.

யாரிடம் பேசுவது என்று தெரியாதவர்கள் அரசின் டெலி மானஸ் உதவி எண் 14416-ஐக் கட்டணமின்றி அழைக்கலாம். முதலில் வீட்டுக்குள் ஒருவரிடமாவது சொல்லுங்கள். கேட்பவர் கோபப்படாமல், கிண்டல் செய்யாமல் முழுதாகக் கேட்டாலே, சிகிச்சையில் கூட நிற்க ஓர் ஆள் கிடைத்துவிடுகிறார்.