மார்புவரை பேன்ட் போட்ட மனிதர்

வில்லியம் ஃப்ராலி என்றால் அமெரிக்காவிலேயே பலருக்குச் சட்டென்று நினைவுக்கு வராது. ஃபிரெட் மெர்ட்ஸ் என்று சொன்னால் போதும். வழுக்கைத் தலை, கரகரத்த குரல், தொப்பையைத் தாண்டி ஏறி மார்பைத் தொடப் பார்க்கும் பேன்ட், அதன் பாக்கெட்டுக்குள் புதைந்த இரண்டு கைகள் எல்லாம் கண்முன் வந்துவிடும். 'ஐ லவ் லூசி' தொடரில் வந்த கஞ்ச வீட்டுக்காரர். பாத்திரம் நடிகரை விழுங்கிவிட்டது என்று இப்படிப்பட்டவர்களைப் பற்றிச் சொல்வது வழக்கம். ஃப்ராலி விஷயத்தில் நடந்தது தலைகீழ். எந்தப் பாத்திரத்துக்காகவும் அவர் ஓர் அங்குலம் நகர்ந்ததாகத் தெரியவில்லை. பாத்திரம்தான் அவர் இருந்த இடத்துக்கு வந்து சேர்ந்தது.

அது வந்தபோது அவருக்கு வயது 64. அயோவா மாநிலத்தின் பர்லிங்டனில் 1887-ல் பிறந்தவர். கொஞ்சகாலம் ரயில்வேயில் சுருக்கெழுத்து வேலை. அம்மாவுக்குப் பிடிக்காவிட்டாலும் மேடை இழுத்துக்கொண்டது. பாட்டு, ஆட்டம், துணுக்கு, வித்தை எல்லாம் ஒரே சாயங்காலத்தில் கலந்து வரும் 'வோட்வில்' மேடை அது. மனைவியோடு ஜோடி போட்டு ஊர் ஊராகச் சுற்றினார். மணவாழ்க்கை முறிந்தது, அப்புறம் அவர் மறுமணம் செய்துகொள்ளவில்லை. பிறகு பிராட்வே நாடகங்கள், 1930-களில் பாரமவுண்ட் பட நிறுவனத்தோடு ஒப்பந்தம், நூறு படங்களை ஒட்டிய சின்னச் சின்ன வேடங்கள். 1947-ல் வந்த 'மிரக்கிள் ஆன் 34த் ஸ்ட்ரீட்' படத்தைக் கிறிஸ்துமஸ் காலத்தில் பார்ப்பவர்கள் அவரைக் கவனித்திருக்கலாம். கிறிஸ்துமஸ் தாத்தா என்று ஒருவர் இல்லை எனத் தீர்ப்பெழுதினால் அடுத்த தேர்தலில் மண்ணைக் கவ்வ வேண்டியதுதான் என்று நீதிபதியின் வயிற்றில் புளியைக் கரைக்கும் அரசியல் ஆலோசகர் அவர்தான்.

1951-ல் பட வாய்ப்பு வறண்டிருந்தது. நடிகை லூசில் பால் 'ஐ லவ் லூசி' என்று புதிதாகத் தொலைக்காட்சித் தொடர் தொடங்குகிறார் என்று கேள்விப்பட்டு, தனக்கு ஏதாவது வேடம் உண்டா என்று ஃப்ராலியே போன் போட்டுக் கேட்டார். வீட்டுக்காரர் வேடத்துக்கு முதலில் நினைத்திருந்த கேல் கார்டன் வேறு ஒப்பந்தத்தில் மாட்டியிருந்தார். லூசில் பாலுக்கும் அவர் கணவர் டெசி அர்னாஸுக்கும் ஃப்ராலி சரியாகப் பட்டார். சேனல்காரர்களுக்குத்தான் வயிற்றைக் கலக்கியது. மனிதர் குடிப்பார் என்பது ஹாலிவுட் அறிந்த சங்கதி. அர்னாஸ் நேரில் கூப்பிட்டு, குடியால் படப்பிடிப்புக்கு மட்டம் போட்டால் எத்தனை முறை பொறுப்பேன், அதற்குமேல் என்ன செய்வேன் என்று எண்ணிச் சொல்லிவிட்டார். ஃப்ராலி தன் பங்குக்கு ஒரு நிபந்தனை வைத்தார். நியூயார்க் யாங்கீஸ் பேஸ்பால் அணி 'வேர்ல்ட் சீரிஸ்' இறுதிப்போட்டிக்குப் போனால் தனக்கு லீவு வேண்டும். அந்தக் கால யாங்கீஸ் லேசுப்பட்ட அணியா? 1951 முதல் 1956 வரை ஆறு ஆண்டுகளில் ஐந்து முறை போய்விட்டார்கள்!

அர்னாஸின் எச்சரிக்கைக்கு ஃப்ராலி வேலை வைக்கவே இல்லை. தொடரில் நடிப்பது எளிய வேலையும் அல்ல. அப்போது பல நிகழ்ச்சிகள் நேரலையாகப் போய்க் காற்றில் கரைந்தன. இந்தத் தொடரைப் பார்வையாளர்களை உட்காரவைத்து, மூன்று கேமராவால் ஃபிலிமில் பிடித்தார்கள். அரங்கத்தின் சிரிப்பு அடங்கும் நொடியை அளந்து அடுத்த வசனத்தை விட வேண்டும். வோட்வில்லில் வெந்து வந்தவருக்கு அது கைவந்த கலை. ஸ்கிரிப்ட் கையில் வந்ததும் தன் வசனம் உள்ள பக்கங்களை மட்டும் கிழித்து வைத்துக்கொண்டு மிச்சத்தைத் தூக்கிப்போடுவார் என்று சொல்வார்கள். சோம்பேறித்தனம் என்று சிரிக்கலாம். முழுக்கதை தெரியாமலே சரியான நொடியில் முறைக்க எத்தனை வருடப் பழக்கம் வேண்டும் என்பதையும் சேர்த்து யோசிக்க வேண்டும்.

அந்த முறைப்பு நிஜமாகவும் இருந்திருக்கும். தொடரில் அவர் மனைவி எதெலாக நடித்த விவியன் வான்ஸ் அவரைவிட 22 வயது இளையவர். என் அப்பாவாக நடிக்க வேண்டிய கிழவரைக் கணவராக்கிவிட்டார்களே என்று வான்ஸ் புலம்பியது ஃப்ராலியின் காதில் விழுந்தது. அன்று மூண்ட பகை கடைசிவரை தணியவில்லை. வீட்டுக்குள்ளேயே பொரிந்துகொள்ளும் தம்பதியைப் பார்த்து அமெரிக்கா சிரித்தது. இந்த ஜோடியை வைத்தே தனித்தொடர் எடுக்கலாம் என்று பேச்சு வந்தபோது, பணம் வருகிறதே என்று ஃப்ராலி சம்மதித்தார். வான்ஸ் முடியாது என்றார். தொடருக்காக எம்மி விருது வான்ஸுக்குக் கிடைத்தது. ஃப்ராலி ஐந்து முறை பரிந்துரைக்கப்பட்டு ஐந்து முறையும் வெறுங்கையோடு திரும்பினார். சிடுசிடுப்பதெல்லாம் ஒரு நடிப்பா என்று நினைத்துவிட்டார்கள் போலிருக்கிறது.

1960-ல் 'மை த்ரீ சன்ஸ்' தொடரில் தாயில்லாப் பேரன்களுக்குச் சமைத்துப்போடும் தாத்தா பப் ஆனார். நாயகன் ஃபிரெட் மக்மரேயின் காட்சிகளையெல்லாம் வருடத்தில் சில வாரங்களுக்குள் மொத்தமாக எடுத்துவிட்டு, மற்றவர்களுடையதைப் பின்னால் ஒட்டுவார்கள். வரிசையாக நடித்துப் பழகிய ஃப்ராலிக்கு இந்த முன்னுக்குப்பின் வேலை எரிச்சல். 1965-ல் உடல்நிலை காரணமாக அவரை விடுவித்தார்கள். கதைப்படி தாத்தா அயர்லாந்துக்குப் போனார். அந்தச் சமையலறைக்கு நடிகர் வில்லியம் டெமரெஸ்ட் வந்தார்.

அதே ஆண்டு அக்டோபரில் லூசில் பாலின் புதுத் தொடரில் ஒரு சின்னக் காட்சியில் தலைகாட்டினார். அதுவே கடைசி. 1966 மார்ச் 3 அன்று ஹாலிவுட் புல்வார்டில் நடந்துகொண்டிருந்தவருக்கு மாரடைப்பு. டெசி அர்னாஸ் சினிமாத் தொழில் பத்திரிகையில் முழுப்பக்க விளம்பரம் கொடுத்தார். ஃப்ராலியின் படம், பிறப்பு இறப்புத் தேதிகள், அதோடு ஸ்பானிஷில் ஒரு வரி: "புவேனாஸ் நோச்சஸ், அமிகோ." போய் வா நண்பா, இனிய இரவு. 'ஐ லவ் லூசி' தொடரில் கோபம் தலைக்கேறும்போதெல்லாம் அர்னாஸின் பாத்திரம் பொரிந்து தள்ளியதும் அதே ஸ்பானிஷில்தான்.