கோர்ட்டுக்கே உத்தரவா?

‘வாய்தா’ என்ற வார்த்தையைக் கேட்காத வீடு நம்ம பக்கம் கொஞ்சம்தான். கேஸை வேறு தேதிக்குத் தள்ளி வைப்பதுதான் வாய்தா. சிவில் வழக்கு விசாரணையில் ஒரு தரப்புக்கு மூணு வாய்தாவுக்கு மேல் கொடுக்கக் கூடாது என்று சட்டமே இருக்கிறது. நடப்பது வேறு!

கேஸ் இராஜபாளையம் முன்சீப் கோர்ட்டில் இழுத்தாலும் சரி, ஸ்ரீவில்லிபுத்தூர் மாவட்ட நீதிமன்றத்தில் இழுத்தாலும் சரி, மதுரை ஹைகோர்ட் கிளைக்குப் போகலாம். (2004 ஜூலையில் அது வருவதற்கு முன்பு சென்னைக்குத்தான் ரயில் ஏறணும்.) கீழ்க்கோர்ட்டுகளைக் கண்காணிக்கும் அதிகாரத்தை அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவு ஹைகோர்ட்டுக்குத் தந்திருக்கிறது. ‘இத்தனை மாதத்துக்குள் முடியுங்கள்’ என்று அது உத்தரவு போடும். யார் ஜெயிக்கணும் என்று சொல்லாது. எங்கள் தெருவில் பலர் இதைத் தப்பாகவே நினைக்கிறார்கள்.

தீர்ப்பு வந்தால் மட்டும் போதுமா? நிறைவேற்று மனு போட்டு, அமீனா வந்து இடத்தை ஒப்படைக்கணும். எங்கள் அம்மாச்சி தீர்ப்பு நகலை டிரங்குப் பெட்டியில் பத்திரமாக வைத்திருக்கிறார். தோப்பில் மாங்காய் பறிப்பது இன்னமும் எதிர்த்தரப்புதான்.

இந்த மனுக்களை 6 மாதத்தில் முடிக்கணும் என்று சுப்ரீம் கோர்ட் 2021-ல் சொன்னது. 2025 மார்ச்சில் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில், எல்லா ஹைகோர்ட்டுகளும் கீழ்க்கோர்ட்டுகளிடம் கணக்குக் கேட்டு முடிக்க வைக்கணும் என்று மறுபடியும் சொன்னது. அந்த அக்டோபரில் பார்த்தால் நாடு முழுக்க 8,82,578 மனுக்கள் பாக்கி! அதில் அம்மாச்சியுடையதும் ஒன்று. மதுரையில் மனுப் போட வக்கீல் இப்போது அந்த நகலைக் கேட்டிருக்கிறார்.