விழத் தெரிந்தவர்கள்

பெரும்பாறையில் மிளகு பறிக்கும் நாட்களில் அண்ணாந்து பாருங்கள். மரத்தில் சாய்த்த ஒற்றை மூங்கிலில் கணுவுக்குக் கணு கால் பதித்து ஏறுவார் ஒருவர். ஒரு கை கொடியைத் தேடி நீளும்போது, இடுப்பு தானாக மறுபக்கம் ஒதுங்கும். எடை மூங்கிலை விட்டு விலகக் கூடாது. இந்தக் கணக்கை உடம்பிலேயே வைத்திருந்த வித்தைக்காரர்களைத்தான் சினிமாவும் பிறந்தவுடன் தேடிப் போனது.

1895 நவம்பர் 1, பெர்லின். வின்டர்கார்ட்டன் அரங்கில் ஸ்க்ளாடனோவ்ஸ்கி சகோதரர்கள் 'பயோஸ்கோப்' கருவியால் படம் காட்டினார்கள். லூமியேர் சகோதரர்கள் பாரிசில் கட்டணக் காட்சி நடத்தியதோ டிசம்பர் 28-இல்தான். பெர்லின் திரையில் கரணம் போட்டார்கள், மல்லுக்கட்டினார்கள், கங்காரு குத்துச்சண்டை போட்டது. மில்டன் சகோதரர்கள் குறுக்குக் கம்பியில் கோமாளித்தனம் செய்தார்கள். ஒவ்வொன்றும் சில நொடிதான். அதையே திரும்பத் திரும்ப ஓட்டினார்கள். சத்தம் கிடையாது, கேமரா நகராது, சுருளும் குட்டை. அதற்குள் கதை அடங்காது. ஒரு குட்டிக்கரணம் அடங்கும்.

கம்பியில் சரியாகச் சுற்றத் தெரிந்தவரால்தான் தப்பாகச் சுற்றிச் சிரிக்கவைக்க முடியும். கை நழுவியதுபோல் இருக்கும். விழும் இடமோ முன்பே முடிவானது. தாடையை மார்போடு ஒட்டி, முதுகை வளைத்து, தோளில் உருண்டு எழுவார். அப்போது அடி ஒரே இடத்தில் இறங்காமல் உடம்பு நெடுகப் பரவுகிறது. வேகம் அடங்க எடுக்கும் நேரம் கூடக்கூட அடியின் கடுமை குறைகிறது. பந்தைப் பிடிப்பவர் கையைப் பின்னால் இழுப்பதும் இதற்காகத்தான்.

அதே 1895-இல் பிறந்த மௌனப் பட நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன், அப்பா மேடையில் தூக்கி எறிய எறிய விழப் பழகியவர். 1928-இல் வந்த 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' படத்தில் ஒரு வீட்டின் முகப்பே அவர்மேல் சாய்கிறது. ஜன்னல் திறப்பு வந்து விழும் இடத்தில் அசையாமல் நின்று தப்பிக்கிறார்.

நம் பக்கத்திலும் உடற்பயிற்சி வீரர் ஒருவர் பம்பாய் மௌனப் படங்களில் நாயகனானார்: புதுக்கோட்டை நாகலிங்கம் என்ற ராஜா சாண்டோ. ஆனால், தெருவில் கம்பம் நட்டு ஆடிய நம் கழைக்கூத்தாடிகளில் எத்தனை பேர் படச்சுருளில் பதிவானார்கள்? இனி எங்காவது அவர்களின் பறை கேட்டால் நின்று பாருங்கள். கைபேசியிலாவது பதிந்து வையுங்கள்.

மிளகுக்காரரும் இறங்குகிறார். கடைசி இரண்டு கணுவை விட்டுவிட்டுக் குதிக்கிறார். முழங்கால் மடிகிறது, தோளில் தொங்கும் சாக்கிலிருந்து ஒரு மணிகூடச் சிந்தவில்லை.