இருவர் ஆடும் துப்பறியும் விளையாட்டு

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1944ஆம் ஆண்டில், இங்கிலாந்தின் பேர்மிங்ஹாம் நகரைச் சேர்ந்த அந்தனி பிராட் என்பவர் ஒரு பலகை விளையாட்டுக்குக் காப்புரிமை கோரினார். 1949இல் விற்பனைக்கு வந்த அதுவே ‘கிளூடோ’. மாளிகையொன்றில் கொலை நடந்திருக்கிறது. கொலையாளி யார், ஆயுதம் எது, எந்த அறையில் நடந்தது என்பதைக் கண்டறிய வேண்டும்.

சந்தேக நபர்கள் 6, ஆயுதங்கள் 6, அறைகள் 9 என மொத்தம் 21 அட்டைகள். ஒவ்வொரு வகையிலும் ஓர் அட்டை உறைக்குள் மறைக்கப்படும். மிகுதி 18உம் ஆடுவோருக்குப் பங்கிடப்படும். விடை 324 விதமாக அமையலாம்.

பலர் சேர்ந்தால் ஆட்டம் களைகட்டும். வீட்டில் ராத்தாவும் நீங்களும் மட்டும் இருந்தால்? ஆளுக்கு 9 அட்டைகள். உங்கள் கையில் இல்லாத ஒரு நபர், ஓர் ஆயுதம், ஓர் அறையைக் கேட்கிறீர்கள். அவர் ‘இல்லை’ என்றால் மூன்றும் உறைக்குள்தான்! சிந்திக்க எதுவும் மிஞ்சாது.

இதற்கு ஒரு வழியுண்டு. ஆளுக்கு 6 அட்டைகள் எடுத்து, மிகுதி 6ஐயும் மேசையில் கவிழ்த்து வையுங்கள். அவை வாய் திறவாத மூன்றாமவரின் அட்டைகள். எதிராளி ‘இல்லை’ என்றால், கேட்டவர் அவற்றில் ஒன்றை மட்டும் இரகசியமாகப் பார்த்து, அதே இடத்தில் வைக்கலாம்.

இப்போது ‘இல்லை’ என்ற சொல்லுக்கு இரு பொருள்: கேட்ட அட்டை உறையிலும் இருக்கலாம், மேசையிலும் இருக்கலாம். பார்த்த பின் எதிராளி எதைக் கேட்காமல் விடுகிறார் என்பதும் உங்களுக்கு ஒரு துப்பே. ஐயம் இருக்கும் இடத்தில்தான் அறிவுக்கு வேலை இருக்கிறது.